திறப்பைக் காணாத கணினி: ஹாஸ்ப்பும் கோட்மீற்றரும்

யாழ்ப்பாணத்தின் வடமராட்சியில், உடுப்பிட்டியில் ஒருவர் வீடு கட்டத் தொடங்கினால் இரண்டு படங்கள் வேண்டும். காணியின் எல்லையைக் காட்டும் அளவைப் படம் ஒன்று, பிரதேச சபையில் அனுமதிக்குக் கொடுக்கும் கட்டடப் படம் மற்றது. இரண்டையும் இப்போது கணினியில்தான் கீறுகிறார்கள். அளவையாளர் ட்ரிம்பிள் நிறுவனத்தின் மென்பொருளை வைத்திருக்கலாம், படம் கீறுபவர் ஆர்ச்சிகாட் வைத்திருக்கலாம். உரிமத்தோடு வாங்கிய பிரதி என்றால், அதனுடன் பெருவிரல் அளவில் ஒரு யூ.எஸ்.பி. துண்டும் வந்திருக்கக்கூடும். டொங்கிள், லொக் என்று பல பெயர் சொன்னாலும் புழக்கத்தில் அது ‘கீ’. அதைச் செருகினால்தான் மென்பொருள் திறக்கும். செருகிய பிறகும் கணினி அதைக் காணவில்லை என்றால், காசு கொடுத்து நேர்மையாக வாங்கியவரின் வேலை அந்த இடத்திலேயே நின்றுவிடும். களவுப் பிரதி வைத்திருப்பவருக்கு இந்தத் தொல்லை இல்லை என்பதுதான் இதில் உள்ள அநியாயம்.

தொலைபேசியில் வரும் முறைப்பாடு அநேகமாக ஒரே மாதிரி இருக்கும். “தம்பி, கீயில லைட் எரியுது. ஆனா புறோகிராம் கீயைக் காணேல்லை எண்டு சொல்லுது. கீ பழுதாப் போச்சோ?” முதலில் சொல்லவேண்டிய பதில்: “அண்ணை, கீ பெரும்பாலும் பழுதாகாது. திரையில என்ன நம்பர் காட்டுது, அதைச் சொல்லுங்கோ.” கீக்குள் இருப்பது சிறிய சிப் ஒன்று. சுழலும் பாகமோ தேயும் பாகமோ அதில் இல்லை. மென்பொருளுக்கும் கீக்கும் நடுவே ட்றைவர், சேவை, துறை என்று சில அடுக்குகள் இருக்கின்றன. கோளாறு பெரும்பாலும் அந்த நடுப்பகுதியில்தான். அந்த நடுப்பகுதியை இரண்டு பெரிய நிறுவனங்கள் இரண்டு விதமாகக் கட்டியிருக்கின்றன. அதனால் பழுதும் இரண்டு விதமாக வருகிறது, திருத்தும் வழியும் இரண்டாகப் பிரிகிறது. இது புரியாமல் ஒன்றுக்குச் செய்யும் வைத்தியத்தை மற்றதற்குச் செய்து பொழுதை வீணாக்குபவர்கள் அதிகம்.

ஒரு பக்கம் ஹாஸ்ப். 1985 இல் இஸ்ரேலில் தொடங்கிய அலாடின் நிறுவனத்தின் பொருள் அது. அமெரிக்காவில் ரெயின்போ டெக்னோலஜிஸ் என்ற நிறுவனம் சென்டினல் என்ற பெயரில் இதே வகைக் கீயை விற்றுவந்தது. 2004 இல் ரெயின்போ சேஃப்நெட்டுக்குள் போனது, 2009 இல் அலாடினும் அதே குடைக்குக் கீழ் வந்தது. பிறகு சேஃப்நெட்டை ஜெமால்ட்டோ வாங்கியது, ஜெமால்ட்டோவை 2019 இல் பிரான்சின் தாலெஸ் வாங்கியது. மறுபக்கம் கோட்மீற்றர். ஜேர்மனியின் கார்ல்ஸ்ரூஹ நகரில் 1989 இல் இருவர் தொடங்கிய விபு-சிஸ்டம்ஸ் அதைச் செய்கிறது. முதலில் வந்தது விபு-கீ, கோட்மீற்றர் 2003 இல் வந்தது. ஹாஸ்ப் கைமாறிக்கொண்டே இருந்த காலம் முழுவதும் விபு அதே ஊரில் அதே பெயரோடு இருந்தது.

கணினி திருத்துபவருக்கு இந்த வரலாறு எதற்கு என்று கேட்கலாம். தேவை இருக்கிறது. ஹாஸ்ப் குடும்பத்தின் ட்றைவர் ஒவ்வொரு காலத்திலும் ஒவ்வொரு பெயரில் வந்தது: ஹாஸ்ப் 4, ஹாஸ்ப் எச்.எல்., ஹாஸ்ப் எஸ்.ஆர்.எம்., சென்டினல் ஹாஸ்ப், இப்போது சென்டினல் எல்.டி.கே. ஒரே கணினியில் இவற்றில் இரண்டு மூன்று ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடப்பதுண்டு. பழைய மென்பொருளின் சீடியோடு வந்த ட்றைவர் ஒன்று, புதிய பதிப்போடு வந்தது இன்னொன்று, விண்டோஸ் தானாக இறக்கிப் போட்டது வேறொன்று. கணினியில் உள்ள நிரல்களின் பட்டியலில் பார்ப்பவருக்கு அவை வெவ்வேறு நிறுவனங்களின் பொருள்கள் போலத் தெரியும். அதனால் ஒன்றை அழித்து மற்றவற்றை விட்டுவிடுவார். கோட்மீற்றரில் இந்தப் பெயர்க் குழப்பம் மிகக் குறைவு. பழைய விபு-கீயையும் கோட்மீற்றரையும் வேறுபடுத்தத் தெரிந்தால் போதும்.

அடிப்படையான வேறுபாடு இதைவிட ஆழமானது. ஹாஸ்ப் தனக்கென்று சொந்த ட்றைவர்களைக் கொண்டுவந்தது. விண்டோஸின் கர்னல், அதாவது இயங்குதளத்தின் உள்ளகம் வரை போய் உட்காரும் ட்றைவர்கள் அவை. கோட்மீற்றர் ஸ்ரிக்கோ விண்டோஸிடம் போய் ‘நான் ஒரு பென் ட்றைவ்’ என்று சொல்லிக்கொள்ளும். பென் ட்றைவுக்கான ட்றைவர் எல்லா விண்டோஸிலும் ஏற்கெனவே இருப்பதால் புதிதாக எதையும் உள்ளகத்தில் வைக்கவேண்டிய தேவை இல்லை. எல்லாரும் வந்துபோகும் படலையால் கோட்மீற்றர் உள்ளே வருகிறது, ஹாஸ்ப் வேலியை வெட்டித் தனக்கென்று ஒரு படலை வைத்துக்கொண்டது. வீட்டுக்காரர் வேலியைப் புதுப்பிக்கும்போதெல்லாம் எந்தப் படலை அடைபடும் என்பது சொல்லாமலே விளங்கும்.

மைக்ரோசொஃப்ட் அந்த வேலியைப் பலமுறை புதுப்பித்திருக்கிறது. 64 பிட் விண்டோஸ் விஸ்டா வந்தபோது கையொப்பம் இல்லாத ட்றைவர்களை உள்ளகத்துக்குள் விடவில்லை. 2016 இல் வந்த விண்டோஸ் 10 இன் 1607 ஆம் பதிப்பிலிருந்து, புதிய கர்னல் ட்றைவர்கள் மைக்ரோசொஃப்டின் கையொப்பத்தையே பெறவேண்டும் என்றார்கள். விண்டோஸ் 11 இல் ‘மெமரி இன்டெக்ரிட்டி’ என்ற காவல் புதுக் கணினிகளில் தானாகவே போடப்பட்டு வருகிறது, பழைய பாணியில் எழுதிய ட்றைவர்களை அது ஏற்றவே விடாது. 2025 ஒக்டோபர் 14 ஆம் திகதியோடு விண்டோஸ் 10 க்கான பொது ஆதரவும் முடிந்துவிட்டது. வடமராட்சியிலும் பலர் கணினியை மாற்றுகிறார்கள், அல்லது இருக்கும் கணினியில் விண்டோஸ் 11 ஐப் போடுகிறார்கள். பத்து வருடம் குழப்பமில்லாமல் ஓடிய பழைய ஹாஸ்ப் ட்றைவர் அன்றைக்கே நின்றுபோகிறது. கீயில் ஒரு மாற்றமும் இல்லை, மென்பொருளிலும் இல்லை. மாறியது இயங்குதளம் மட்டும்.

தாலெஸ் பக்கத்துக்கும் இது தெரியாமல் இல்லை. பிந்திய சென்டினல் எச்.எல். கீக்கள் இரண்டு அமைப்பில் வருகின்றன. ஒன்று பழைய ஹாஸ்ப் போலச் சொந்த ட்றைவரைக் கேட்கும். மற்றது விசைப்பலகையும் மவுஸும் இணைவது போல எச்.ஐ.டி. வகையில் இணையும், அதற்கு விண்டோஸில் உள்ள ட்றைவரே போதும். ட்றைவர் இல்லாத அமைப்பு என்றே அதைச் சொல்கிறார்கள். கோட்மீற்றர் தொடக்கத்திலேயே பிடித்த வழிக்கு ஹாஸ்ப்பும் வந்து சேர்ந்திருக்கிறது. ஆனால் எங்கள் மேசைகளில் இருப்பவை பெரும்பாலும் பழைய கீக்கள். அவற்றுக்கு இன்னும் ட்றைவர் வேண்டும்.

இனிப் பழுதுக்கு வருவோம். ஹாஸ்ப்பில் எனக்குப் பிடித்த விடயம், அது நம்பர் சொல்லும். எச்0007 என்று வந்தால் கீயைக் காணவில்லை என்று பொருள். எச்0033 என்றால் கீயோடு தொடர்பு கொடுக்கும் ரன்டைம் சேவையோடு மென்பொருளால் பேசமுடியவில்லை. எச்0031 என்றால் கீ கிடைத்தது, ஆனால் அதற்குள் இந்த மென்பொருளுக்கான உரிமம் இல்லை. மூன்றுக்கும் வைத்தியம் வேறு வேறு. 33 வந்த கணினியில் ட்றைவரை அழித்து அழித்துப் போடுபவரைப் பார்த்திருக்கிறேன். அங்கே ட்றைவர் நன்றாகவே இருக்கும். சென்டினல் லைசன்ஸ் மனேஜர் என்ற சேவை நின்றிருக்கும், அல்லது அன்ரிவைரஸ் அதன் கோப்பைப் பிடித்து ஒதுக்கி வைத்திருக்கும். விண்டோஸின் சேவைகள் பட்டியலைத் திறந்து அதைத் தொடங்கிவிட்டு, அன்ரிவைரஸில் விலக்கு அளித்தால் வேலை முடிந்தது.

கீயின் வெளிச்சமும் ஒரு சாட்சி. சொந்த ட்றைவர் தேவைப்படும் ஹாஸ்ப் கீயில் ட்றைவர் சரியாக ஏறிய பிறகே லைட் எரியும். ஆகவே லைட் எரிகிறது, புறோகிராம் காணவில்லை என்று ஒருவர் சொன்னால், ட்றைவரை விட்டுவிட்டுச் சேவையையும் உரிமத்தையும் பார்க்கவேண்டும். லைட் எரியவில்லை என்றால் ட்றைவரையோ யூ.எஸ்.பி. துளையையோ பார்க்கவேண்டும். இந்த ஒரு கேள்வியைத் தொலைபேசியிலேயே கேட்டுவிட்டால் யாழ்ப்பாணம் வரை கணினியைத் தூக்கிக்கொண்டு போகும் அலைச்சல் பலருக்கு மிச்சமாகும்.

லைட் எரியாத ஹாஸ்ப்புக்கு நான் செய்யும் முறை ஒன்று உண்டு, அதில் வரிசை முக்கியம். முதலில் மென்பொருளை மூடிவிட்டுக் கீயைக் கழற்றவேண்டும். கீ செருகியபடியே ட்றைவரை மாற்றுவதுதான் பாதிப் பழுதுகளுக்குக் காரணம். பிறகு நிரல்கள் பட்டியலில் ஹாஸ்ப், சென்டினல் என்ற பெயரில் உள்ள எல்லாவற்றையும் நீக்கவேண்டும். இவ்வளவும் போதாது, எச்சம் கிடக்கும். தாலெஸ் நிறுவனத்தின் தளத்திலிருந்து ரன்டைமின் கட்டளைவரி நிறுவியை இறக்கி, நிர்வாகி உரிமையோடு கட்டளைச் சாளரத்தைத் திறந்து, அந்த நிறுவியை ‘பேர்ஜ்’ என்ற சொல்லோடு ஓட்டினால் பழைய பதிப்புகளின் மிச்சத்தையும் துடைத்துவிடும். கணினியை ஒருமுறை மறுதொடக்கம் செய்து, அதன் பிறகு புதிய ரன்டைமைப் போட்டு, கடைசியாகக் கீயைச் செருகவேண்டும். செருகுவது கணினியின் பின்பக்கத் துளையில். முன்பக்கத் துளைகள் நீண்ட வயரால் தாய்ப்பலகையோடு இணைந்தவை, தொடர்பு தளர்வது அங்கேதான் அதிகம். மின் இணைப்பில்லாத மலிவான ஹப்பும் அப்படியே.

சரியாகிவிட்டதா என்று பார்க்க மென்பொருளைத் திறக்கவேண்டியதில்லை. உலாவியில் லோக்கல்ஹோஸ்ட் என்று எழுதி 1947 என்ற துறை எண்ணைச் சேர்த்தால் சென்டினலின் நிர்வாகப் பக்கம் திறக்கும். அதில் கீக்களின் பட்டியல் இருக்கும். கீ அங்கே தெரிந்தால் விண்டோஸ், ட்றைவர், சேவை மூன்றும் தங்கள் வேலையைச் செய்துவிட்டன. அதற்குப் பிறகும் மென்பொருள் திறக்கவில்லை என்றால் அது விற்றவரின் பாடு. உரிமம் காலாவதியாகியிருக்கும், அல்லது கீயைப் புதிய பதிப்புக்கு இற்றைப்படுத்தவேண்டியிருக்கும்.

மெமரி இன்டெக்ரிட்டி தடுக்கிறது என்றால் பலர் செய்வது, அந்தக் காவலையே நிறுத்திவிடுவது. அது தவறு என்பது என் உறுதியான எண்ணம். விண்டோஸ் செக்கியூரிட்டிக்குள் கோர் ஐசொலேஷன் என்ற பகுதி, தனக்குப் பொருந்தாத ட்றைவர்களின் பெயர்களைப் பட்டியலிட்டுக் காட்டும். ஹார்ட்லொக் என்ற பெயரோ ‘அக்ஸ்’ என்று தொடங்கும் பெயரோ அங்கே இருந்தால் அவை ஹாஸ்ப்பின் பழைய கோப்புகள். புதிய ரன்டைம் பெரும்பாலும் பழைய கீயையும் ஏற்றுக்கொள்ளும். பழையதைத் துடைத்துவிட்டுப் புதியதைப் போட்டால் காவலும் இருக்கும், கீயும் வேலை செய்யும்.

கோட்மீற்றரில் இந்தச் சங்கிலி முழுவதும் சுருங்கிவிடுகிறது. ட்றைவர் அடுக்கு இல்லாததால் மிஞ்சுவது கோட்மீற்றர் ரன்டைம் என்ற ஒரு சேவை மட்டும். திரையின் கீழ்மூலையில் அதற்கு ஒரு சின்னம் உண்டு. பச்சை என்றால் கீ கிடைத்து இயங்குகிறது. சிவப்பு என்றால் கீ பூட்டிய நிலையில் இருக்கிறது. சாம்பல் என்றால் கீ இல்லை, அல்லது சேவையே ஓடவில்லை. அந்தச் சின்னத்தைத் திறந்து சேவையை நிறுத்தித் தொடங்குவதோடு கணிசமான பழுதுகள் தீர்ந்துவிடும். மேலும் விவரம் வேண்டுமென்றால் 22352 என்ற துறையில் வெப்அட்மின் பக்கம் இருக்கிறது. மென்பொருள் சேவையோடு பேசுவது 22350 ஆம் துறையால். அதை ஃபயர்வோல் அடைத்தால் பச்சைச் சின்னம் தெரிந்தாலும் வலையமைப்பில் உள்ள மற்றக் கணினிக்கு உரிமம் போகாது. சிஎம்டஸ்ட் என்ற சிறு கருவியும் கூடவே வருகிறது. கணினி, சேவை, கீ எல்லாவற்றின் நிலையையும் ஒரே கோப்பில் எழுதித் தரும், அதை விற்றவருக்கு மின்னஞ்சலில் அனுப்பிவிடலாம். கொழும்பிலோ சென்னையிலோ இருக்கும் முகவரோடு தொலைபேசியில் பேசித் தீர்க்கவேண்டிய எங்களுக்கு இது பெரிய உதவி. ஹாஸ்ப்பின் நிர்வாகப் பக்கத்திலும் ஒரு நோயறி அறிக்கை எடுக்கலாம் என்றாலும், சேவை நின்றுவிட்டால் அந்தப் பக்கமே திறக்காது.

ஆனால் பென் ட்றைவ் வேடம் கோட்மீற்றருக்கு ஒரு தனித் தலைவலியையும் கொண்டுவந்தது. வைரஸுக்குப் பயந்து பல அலுவலகங்களில் பென் ட்றைவ்களைத் தடைசெய்து வைத்திருக்கிறார்கள். கோப்பைக் களவாடுவார்கள் என்ற பயமும் உண்டு. தடை விழுந்த கணினியில் கோட்மீற்றர் ஸ்ரிக்கும் சேர்ந்தே தடைபடும். ஹாஸ்ப் கீக்கு இந்தத் தடை ஒன்றும் செய்யாது. இன்னொன்று, ஸ்ரிக் ஒரு ட்றைவ் எழுத்தைப் பிடிக்கும். வலையமைப்பில் உள்ள கோப்புறைக்கு அதே எழுத்தைக் கொடுத்து வைத்திருந்தால் இரண்டும் மோதிக்கொள்ளும், கீ காணாமற்போனது போல இருக்கும். இரண்டுக்கும் ஒரே மருந்து: கோட்மீற்றரின் கட்டளைவரிக் கருவியால் ஸ்ரிக்கை எச்.ஐ.டி. முறைக்கு மாற்றிவிடுவது. மாற்றிக் கழற்றிச் செருகினால் அது பென் ட்றைவாகத் தெரியாது. ஆகக் கடைசியில் இரண்டு நிறுவனமும் வந்து நின்ற இடம் எச்.ஐ.டி. என்ற அதே வாசல்தான்.

இரண்டையும் சேர்த்தே தாக்கும் பழுதுகளும் உண்டு. அவற்றில் எங்கள் ஊருக்குரியது மின்சாரம். 2022 மார்ச் 31 இல் நாட்டில் 13 மணித்தியால மின்வெட்டு இருந்தது. அந்த மாதங்களில் இன்வேட்டரிலும் ஜெனரேட்டரிலும் கணினியை ஓட்டியவர்களுக்கு, மின்சாரம் போய் வரும்போதெல்லாம் கீ காணாமற்போவது பழகிப்போன தொல்லை. யூ.எஸ்.பி. துளைக்கு மின் மிச்சப்படுத்தும் ஏற்பாடு விண்டோஸில் இருக்கிறது. மடிக்கணினி பற்றரிக்கு மாறியதும் அது துளையை உறங்கவிடும். மின் தெரிவுகளில் அதை நிறுத்திவிட்டால் ஹாஸ்ப்புக்கும் கோட்மீற்றருக்கும் நிம்மதி. மாரியில் இடி மின்னலோடு வரும் மின்னழுத்த ஏற்றம் மட்டும் வேறு. அது கீயை உண்மையாகவே சாகடிக்கும். இரவில் கீயைக் கழற்றி வைப்பது அந்த மாதங்களில் நல்ல பழக்கம்.

புலம்பெயர்ந்த உறவுகளால் வரும் பழுது ஒன்றும் இருக்கிறது. இலண்டனிலோ ரொறன்ரோவிலோ இருக்கும் ஒருவர் உடுப்பிட்டியில் உள்ள கணினியை விண்டோஸின் ரிமோட் டெஸ்க்டொப்பால் திறந்து வேலைசெய்யப் பார்ப்பார். கீ இங்கே செருகித்தான் இருக்கும். ஹாஸ்ப் எச்0027 என்று சொல்லி மறுத்துவிடும். ஒரு கீயைப் பலர் தூரத்திலிருந்து பகிர்வதைத் தடுக்க விற்பவர் வைத்த பூட்டு அது, ட்றைவர் பழுது இல்லை. கோட்மீற்றரிலும் விற்பவர் விரும்பினால் இதே கட்டுப்பாட்டை வைக்கலாம். விற்பவரிடம் கேட்டு அதற்கேற்ற உரிமம் வாங்குவதே வழி. இது தெரியாமல் ட்றைவரைக் கிண்டினால் ஓடிக்கொண்டிருந்ததும் நின்றுவிடும்.

இன்னும் பழைய கதை ஒன்று, பிரின்டர் துளையில் செருகும் கீ. தொண்ணூறுகளின் கீக்கள் அப்படித்தான் வந்தன, ஹாஸ்ப்பும் விபு-கீயும் இரண்டுமே. அந்த 25 ஊசித் துளை இப்போது வரும் கணினிகளில் பெரும்பாலும் இல்லை. யூ.எஸ்.பி.யிலிருந்து பிரின்டர் துளைக்கு மாற்றும் வயரை வாங்கிச் செருகிப் பார்ப்பவர்கள் உண்டு. அந்த வயர் பிரின்டரோடு பேச மட்டும் தெரிந்தது, பழைய கீ கேட்கும் நேரடித் துளையை அதனால் தரமுடியாது. காசை அதில் போடவேண்டாம். விற்றவர் இன்னும் தொழிலில் இருந்தால் யூ.எஸ்.பி. கீக்கு மாற்றித் தரக் கேட்பதே சரி.

பாதுகாப்புப் பக்கத்தில் இரண்டும் ஒரே அளவு சறுக்கியிருக்கின்றன. 2018 சனவரியில் காஸ்பர்ஸ்கி ஆய்வாளர்கள் ஹாஸ்ப்பின் உரிம மேலாண்மையில் 14 பலவீனங்களை வெளியிட்டார்கள். கீயைச் செருகி ட்றைவர் ஏறியதும் 1947 ஆம் துறை ஃபயர்வோலில் திறக்கப்படுகிறது, கீயைக் கழற்றிய பிறகும் அது திறந்தே கிடக்கிறது என்பது அவர்கள் சொன்னவற்றில் முக்கியமானது. 2020 செப்டெம்பரில் கிளரோட்டி நிறுவனம் கோட்மீற்றரில் ஆறு பலவீனங்களைக் காட்டியது. அவற்றில் ஒன்றுக்குப் பத்துக்குப் பத்து என்ற உச்ச ஆபத்துப் புள்ளி கிடைத்தது. சீமென்ஸ், ரொக்வெல் போன்றவற்றின் தொழிற்சாலை மென்பொருள்களும் கோட்மீற்றரை நம்பியிருந்ததால் உலகம் முழுவதும் பரபரப்பு. இரண்டு நிறுவனமும் திருத்தத்தை வெளியிட்டுவிட்டன. ஆனால் அந்தத் திருத்தம் எங்கள் கணினிக்குத் தானாக வராது, மென்பொருளோடு வந்த பழைய ரன்டைமே வருடக்கணக்கில் கிடக்கும். ‘ஓடுறதைத் தொடாதே’ என்ற பேச்சு இந்த விடயத்தில் பொருந்தாது. ட்றைவரை இற்றைப்படுத்துவது கீ தெரிவதற்காக மட்டும் அல்ல, அலுவலகத்தின் கோப்புகளைக் காப்பதற்காகவும்தான்.

கீ அடிக்கடி காணாமற்போவதால் சலித்துப்போய் ‘எமுலேற்றர்’ போடச் சொல்பவர்களும் இருக்கிறார்கள். கீ இல்லாமலே கீ இருப்பது போல நடிக்கும் போலி ட்றைவர் அது. உரிமம் வாங்கியவருக்கே அது சட்டப்படி பிசகு என்பது ஒருபுறம். கையொப்பம் இல்லாத அந்த ட்றைவரை ஏற்றுவதற்காக விண்டோஸின் காவல்கள் எல்லாவற்றையும் இறக்கிவைக்கச் சொல்வார்கள். கொண்டுவந்த கோப்புக்குள் வேறு என்ன இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது. அதைவிட, எமுலேற்றரின் எச்சம் கிடக்கும் கணினியில் நாளைக்கு உண்மைக் கீயைச் செருகினாலும் ரன்டைம் குழம்பும். மற்ற எல்லாப் பழுதையும் பொறுமையாகத் தீர்த்துவிடலாம். இந்தக் கணினிக்கு மட்டும் விண்டோஸை முழுதாக அழித்துப் புதிதாகப் போடுவதுதான் மிஞ்சும்.

எந்தக் கீ மேல் என்று கேட்டால், ட்றைவர் பழுது என்ற ஒரே அளவுகோலில் கோட்மீற்றர் முன்னுக்கு நிற்கிறது. அதன் பழுதுகள் பெரும்பாலும் சேவையிலும் அனுமதியிலும் வருபவை. கணினி ஓரளவு தெரிந்த ஒருவர் வீட்டிலிருந்தபடியே தீர்த்துவிடலாம். ஹாஸ்ப்பின் பழுதுகள் இயங்குதளத்தின் உள்ளகத்தோடு பின்னியவை. விண்டோஸ் மாறும் ஒவ்வொரு முறையும் அவை திரும்பி வரும். நோயைச் சொல்வதில் ஹாஸ்ப் மேல். அதன் நம்பர்களைப் படிக்கத் தெரிந்தவருக்கு இருட்டில் தடவவேண்டிய தேவை இல்லை. ட்றைவர் இல்லாத புதிய சென்டினல் எச்.எல். கீயைக் கோட்மீற்றரோடு ஒப்பிட்டால் எனக்குப் பெரிய வேறுபாடு தெரியவில்லை. பழைய ஊதா நிற ஹாஸ்ப்பை இன்னும் வைத்திருப்பவர்தான் தொடர்ந்து அவதிப்படுகிறார்.

இரண்டிலும் மாறாத குறை ஒன்று உண்டு. கீ தொலைந்தால் மென்பொருளும் தொலைந்ததாகவே பெரும்பாலான விற்பனையாளர்கள் கணக்கெடுப்பார்கள். பழுதான கீயைத் திருப்பிக் கொடுத்தால் மாற்றித் தருவார்கள், தொலைந்ததற்கு முழு விலையும் கேட்பார்கள். 2022 இன் தொடக்கத்தில் ஒரு டொலர் ஏறத்தாழ 200 ரூபா, அதே ஆண்டு மே மாதத்தில் ஏறத்தாழ 360. டொலரில் விலை வைத்த ஒரு பொருளைத் தொலைப்பது இந்த நாட்டில் எவ்வளவு பெரிய இழப்பு என்பதற்கு வேறு கணக்குத் தேவையில்லை.

இந்தத் தொழிலில் இருப்பவர்களிடமும், புதிதாக மென்பொருள் வாங்கப் போகும் அளவையாளர்களிடமும் படம் கீறுபவர்களிடமும் என் வேண்டுகோள் இது. காசு கொடுக்கும் முன் விற்பவரிடம் மூன்றைக் கேட்டு எழுத்தில் வாங்குங்கள்: கீ சொந்த ட்றைவர் கேட்குமா கேட்காதா, தொலைந்தால் என்ன செய்வார்கள், தூரத்திலிருந்து பாவிக்க உரிமம் இடம் தருமா. ஏற்கெனவே சென்டினல் எச்.எல். வைத்திருப்பவர்கள் அதை ட்றைவர் இல்லாத அமைப்புக்கு மாற்றும் இற்றைக் கோப்பை விற்றவரிடம் கேளுங்கள், பல கீக்களுக்கு அது கிடைக்கும். கணினியை விண்டோஸ் 11 க்கு மாற்றப் போகிறீர்கள் என்றால், மாற்றுவதற்கு முதல் நாளே புதிய ரன்டைமை இறக்கி ஒரு பென் ட்றைவில் வைத்துக்கொள்ளுங்கள். பிரதேச சபைக்குப் படம் கொடுக்கவேண்டிய கடைசி நாளில் அதைத் தேட வேண்டாம்.